வாழ்வோரே வழிகாட்டும் ஊர்

புதுவை செல்லும் நம்மவர் ஆரோவில்லின் பொற்கோளத்தைத் தொலைவில் நின்று கண்டு திரும்பிவிடுகின்றனர். ஊரை அறிய, அங்கு வாழ்வோருடன் நடத்தல் வேண்டும். 1968 பிப்ரவரி 28ஆம் நாள், 124 நாடுகளின் மண்ணைத் தாழியிலிட்டுத் தொடங்கியபோது அது மழைநீர் அரித்த செம்மண் பொட்டல். 2003இல் எழுந்த சாதனா வனத்தில் வெள்ளிக்கிழமைதோறும் குடியிருப்போரே வந்தோரை அழைத்துச் சென்று, நீரை மறிக்கும் வரப்புகளையும் நட்ட கன்றுகளையும் காட்டி, இரவு உணவும் இட்டனர். (உலர்கழிப்பறையைக்கூட விடவில்லை!)

தன்னாட்சியோ எளிதில் வாய்க்கவில்லை. 1973இல் அன்னை மறைந்தபின் மூண்ட பூசலால் 1980இல் நடுவணரசு தலையிட்டது. 1988ஆம் ஆண்டுச் சட்டம் ஆட்சிக் குழுவையும் குடியிருப்போர் பேரவையையும் ஒருங்கே அமைத்தது. எதன் சொல் மேலானது? 2021 டிசம்பரில் வட்டச்சாலைக்கு மரங்கள் வீழ்த்தப்பட்டபோது, குடியிருப்போர் பலர் மண்வாரி எந்திரத்தின்முன் நின்று அவ்வினாவையே எழுப்பினர்.