பெயர் பொறிக்கப்படாதவர்கள்



ஊர் காணச் செல்வோர் கோயிலைக் காண்பர், கோட்டையைக் காண்பர், மாலையில் கடற்கரைக் காற்று வாங்கி வீடு திரும்புவர். அவ்வூரில் நிகழ்ந்த கொடுமைகளைக் காண்பதற்கென்றே காலாற நடப்பவர் மிகச் சிலரே ஆவர். அத்தகைய நடை ஒன்றில் அண்மையில் நானும் கலந்துகொண்டேன். நடந்த இடம் நம் சென்னை மாநகரம். நடத்திச் சென்றவர் என்னிடம் ஒன்பதாம் வகுப்பில் வரலாறு பயின்ற மாணவர். இப்போது கல்லூரி ஒன்றில் வரலாற்று விரிவுரையாளராக இருக்கிறார். தம் மாணவர் இருபதின்மரோடு அவர் புறப்பட்டபோது, "ஐயா, நீங்களும் வரவேண்டும்" என்று அழைத்தார். ஒரு காலத்தில் நான் முன்னே நடக்க அவர் பின்னே வந்தார். அன்று அவர் முன்னே நடந்தார், நான் பின்னே சென்றேன். ஆசிரியனுக்கு இதைவிட மகிழ்ச்சி வேறுண்டோ?

புறப்படுமுன் அவர் ஒரு விதி வகுத்தார். நிற்கின்ற ஒவ்வோர் இடத்திலும் மாணவர் இரண்டு வினாக்களை எழுப்புதல் வேண்டும். இங்கே யாருடைய பெயர் பொறிக்கப்பட்டிருக்கிறது? யாருடைய பெயர் விடுபட்டிருக்கிறது? எளிய வினாக்கள்தாம். ஆனால் முப்பத்தைந்து ஆண்டுகள் வரலாறு கற்பித்த நான் இவற்றை ஒருநாளும் என் வகுப்பில் எழுப்பியதில்லை.

முதலில் பாரிமுனையில் நின்றோம். அங்கே பெரிய மாளிகை ஒன்றன் ஓரத்தில், வண்டிகளின் இரைச்சலுக்கிடையே, பழைய கல்தூண் ஒன்று நிற்கிறது. நாள்தோறும் அதனைக் கடந்து செல்வோர் பல்லாயிரவர்; நின்று பார்ப்போர் அரியர். 1639ஆம் ஆண்டில் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனியார் இக்கடற்கரையில் இடம் பெற்றனர்; பின்னர்க் கோட்டை கட்டத் தொடங்கினர். துணி வாணிகத்தின் பொருட்டு நெசவாளரும், சாயம் தோய்ப்போரும், தரகரும் கோட்டைக்கு வடக்கே வந்து குடியேறினர். வெள்ளையர் வாழ்ந்த பகுதி வெள்ளையர் நகரம் எனவும், நம்மவர் வாழ்ந்த பகுதி கறுப்பர் நகரம் எனவும் பெயர் பெற்றன.

அக்கறுப்பர் நகரம் இன்று எங்கே? உயர்நீதிமன்றமும் அதனைச் சூழ்ந்த வெளியும் இருக்கும் நிலமே அது. 1746ஆம் ஆண்டு செப்டம்பரில் பிரெஞ்சுக்காரர் சென்னையைக் கைப்பற்றினர். 1749இல் உடன்படிக்கையின்படி அதனைத் திருப்பிக் கொடுப்பதற்குள், கோட்டையை அடுத்திருந்த வீடுகள் பலவற்றை இடித்துத் தள்ளினர். 1758 டிசம்பர் முதல் 1759 பிப்ரவரி வரை லாலி என்னும் பிரெஞ்சுத் தளபதி கோட்டையை மீண்டும் முற்றுகையிட்டார். பகைவர் மறைந்து நின்று சுடுவதற்கு இடம் தரலாகாது என்று கருதிய ஆங்கிலேயர், எஞ்சிய வீடுகளையும் அகற்றி வெட்டவெளி ஆக்கினர். சென்னகேசவப் பெருமாள் கோயிலும் 1757இல் இடிக்கப்பட்டுப் பின்னர்ப் பூக்கடைப் பகுதியில் புதிதாக எழுந்தது. இவ்வெளியில் எவரும் வீடு கட்டலாகாது என்பதற்கு அடையாளமாக 1773இல் ஆறு தூண்கள் நாட்டப்பட்டன. அவற்றுள் எஞ்சி நிற்பது இந்த ஒன்றே. இரண்டு அயல்நாட்டார் தமக்குள் பொருத போரில், ஒரு பக்கமும் சேராத மக்கள் ஊரையே இழந்தனர்.

"அப்படியானால் நம்மவர் மட்டும் ஒற்றுமையாக வாழ்ந்தார்களா?" என்று ஒரு மாணவி கேட்டார். நல்ல வினா. அதற்கு விரிவுரையாளர் மழுப்பாமல் விடை கூறினார். வலங்கையர், இடங்கையர் என்று சாதிகள் இரு கட்சியாய்ப் பிரிந்து, எந்தத் தெருவில் எவருடைய ஊர்வலம் செல்வது என்பதற்காக 1652இலும் 1707இலும் இந்நகரில் கலகம் விளைத்தனர். இருட்டு ஒரு நாட்டாருக்கு மட்டும் உரியதன்று.

அடுத்துக் கோட்டைக்குள் சென்றோம். 1680ஆம் ஆண்டில் கட்டி முடிக்கப்பெற்ற புனித மேரி ஆலயத்தின் முற்றம் கல்லறைக் கற்களால் பாவப்பட்டிருக்கிறது. பழைய இடுகாட்டிலிருந்து அவை இங்குக் கொண்டுவரப்பட்டவை. ஒவ்வொரு கல்லிலும் பெயர், ஆண்டு, புகழுரை எல்லாம் உள. ஆலயத்தின் உள்ளே, பெயர் பொறிக்காத கல் ஒன்றின் கீழ் ஆளுநர் பிகட் பிரபு துயில்கிறார் என்று கருதப்படுகிறது. ஆளுநரின் கல்லில் பெயர் இல்லாதது ஏன்?

அக்காலத்தில் ஆர்க்காட்டு நவாபு முகம்மது அலி, கம்பெனி ஊழியரிடமே பெருவட்டிக்குக் கடன் வாங்கி வந்தார். அக்கடனுக்கு ஈடாக எழுதிக் கொடுக்கப்பட்டது குடியானவர் செலுத்தும் நிலவரி. பால் பென்பீல்டு என்னும் கம்பெனி ஊழியர் ஒருவர் மட்டும், நவாபும் பிறரும் தமக்குத் தரவேண்டியது இரண்டு இலட்சம் பவுனுக்கு மேல் என்றும், தஞ்சையின் விளைச்சலில் தமக்கு உரிமையுண்டு என்றும் வாதாடினார். 1776இல் பிகட் தஞ்சையை அதன் மன்னரிடமே திரும்ப ஒப்படைத்தார். கடன் கொடுத்திருந்தோர் கொதித்தனர். அவ்வாண்டு ஆகஸ்டு 24ஆம் நாள், ஆலோசனைச் சபையினர் தம் ஆளுநரையே சிறைப்படுத்தினர். 1777 மே மாதம் அவர் காவலில் இருந்தபடியே இறந்தார். இந்தக் கடன்களின் ஊழலை 1785இல் எட்மண்டு பர்க் இலண்டன் நாடாளுமன்றத்தில் எடுத்துரைத்தார். பிகட்டின் கதையை நாம் நூல்களில் படிக்கிறோம். கதிர் அறுக்குமுன்னரே தன் விளைச்சல் அயலான் கணக்கில் ஏறிவிட்ட தஞ்சைக் குடியானவனின் பெயரை எந்த நூலில் படிப்பது?

அதே முற்றத்தில் நின்றவாறு அவர் இன்னும் பழைய செய்தி ஒன்றையும் சொன்னார். எலிகு யேல் என்பவர் 1687 முதல் 1692 வரை இக்கோட்டையின் தலைவராக இருந்தார். அமெரிக்காவிலுள்ள புகழ்பெற்ற பல்கலைக்கழகம் தாங்கியிருப்பது இவர் பெயரையே. இவர் அனுப்பிய நன்கொடையைப் பாராட்டி 1718இல் அக்கல்லூரிக்கு அப்பெயர் இடப்பட்டது. ஆனால் 1687இல் சென்னையின் நிலை என்ன? போரும் பஞ்சமும் நாட்டை வாட்டின. பசியால் மக்கள் தம்மையும் தம் பிள்ளைகளையும் விற்றனர். கோட்டையின் சபையார் அவ்வாணிகத்தைத் தடுக்கவில்லை. கப்பலேறும் அடிமை ஒருவருக்கு ஒரு வராகன் தீர்வை என்று விதித்தனர். அவ்வாண்டில் ஒரே மாதத்தில் குறைந்தது 665 பேர் இத்துறையிலிருந்து ஏற்றுமதி செய்யப்பட்டனர். குழந்தைகளும் ஏவலாளரும் திருடப்படுகின்றனர் என்று நாட்டு அரசினரிடமிருந்து முறையீடு எழுந்த பின்னர், 1688இல் அவ்வாணிகம் தடை செய்யப்பட்டது.

வாங்கியவர் அயலார். பிடித்துக் கொடுத்தவருள் நம்மவரும் இருந்தனர். வயலோடு சேர்த்து உழவனையும் விற்கும் வழக்கம் நம் நாட்டில் முன்பே இருந்தது. 1843ஆம் ஆண்டின் சட்டம் வரும்வரை அதற்கு நீதிமன்றமும் இடங்கொடுத்தது. அடிமை வாணிகத்தோடு தனக்கிருந்த பழந்தொடர்புக்காக அமெரிக்கப் பல்கலைக்கழகம் 2024இல் முறைப்படி வருத்தம் தெரிவித்தது. நாம் யாரிடம் வருத்தம் தெரிவித்தோம்? இவ்வினாவை விரிவுரையாளர் எழுப்பவில்லை. நானே என்னை வினவிக்கொண்டேன்.

கோட்டையை விட்டு வெளியேறிக் கடலை நோக்கி நடந்தோம். துறைமுகம் அமைவதற்கு முன் இங்கே கப்பல்கள் கரையை அணுக இயலாது. அலையைக் கடந்து மசூலாப் படகுகள் ஆட்களையும் சரக்குகளையும் ஏற்றிச் சென்றன. 1860ஆம் ஆண்டு அக்டோபரில் 'திரூரோ' என்னும் கப்பல் இங்கிருந்து தென்னாப்பிரிக்காவின் நேட்டால் நாட்டிற்குப் புறப்பட்டது. கரும்புத் தோட்டங்களில் ஐந்தாண்டு உழைப்பதாக ஒப்பந்தத்தில் கைநாட்டு வைத்த 340 பேருக்கு மேல் அதில் இருந்தனர். நவம்பர் 16ஆம் நாள் அவர்கள் டர்பன் துறையை அடைந்தனர். 1911 வரை நேட்டாலுக்குச் சென்ற இந்தியர் ஏறத்தாழ 1,52,000 பேர். அவர்களுள் பெரும்பகுதியினர் சென்னையில் கப்பலேறியவர்களே.

இங்கு ஒரு விந்தையைக் கேளுங்கள். அக்கப்பல்களின் பதிவேடுகளில் ஒவ்வொருவருக்கும் எண் இடப்பட்டது. எண்ணோடு பெயர், தந்தை பெயர், ஊர், வயது, உடலிலுள்ள தழும்பு முதலியவற்றையும் எழுதினர். ஓடிப்போனால் பிடிப்பதற்காக எழுதியவை அவை. இன்று அவர்களின் பேரப்பிள்ளைகள் தம் முன்னோர் ஊரைத் தேடும்போது அதே பதிவேடுகளைத்தாம் புரட்டுகின்றனர். அடக்கி ஆள்வதற்கு எழுதிய ஏடு, பிற்காலத்தில் உறவைத் தேடுவோர்க்குக் கைவிளக்கானது.

இறுதியாக, கூவத்தைக் கடந்து சேப்பாக்கத்திற்கு அப்பால், பக்கிங்காம் கால்வாயின் கரையில் நின்றோம். மேலே பறக்கும் இரயிலின் தூண்கள். கீழே கறுத்துத் தேங்கிய நீர். விரிவுரையாளர் என் பக்கம் திரும்பி, "இங்கே ஐயா சொல்லட்டும்" என்றார்.

நேயர்களே, அவ்விடத்தில் நான் சொன்னதை உங்களிடமும் சொல்லிவிடுகிறேன். ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்கு முன், இக்கால்வாயைப் பற்றி வகுப்பில் பாடம் நடத்தினேன். வெட்டியவர் யார்? ஆளுநர் பக்கிங்காம் கோமகன். பயன் யாது? நீர்வழிப் போக்குவரத்து. இரண்டு மதிப்பெண். அப்போது கடைசி வரிசையிலிருந்து ஒரு சிறுவன் எழுந்து, "ஐயா, பஞ்சத்தில் வெட்டினார்கள் என்றால், பசித்தவர்களால் எப்படி மண் வெட்ட முடிந்தது?" என்று கேட்டான். "அது தேர்வுக்கு வராது, உட்கார்" என்றேன். அவன் உட்கார்ந்தான். பிறகு அவன் என்னிடம் எதையும் கேட்டதில்லை.

அவனுக்கு நான் கூறியிருக்கவேண்டிய விடை இதுதான். 1876ஆம் ஆண்டு மழை பொய்த்தது. சென்னை மாகாணம் முழுவதும் பஞ்சம் பரவியது. வங்கத்திலிருந்து கப்பலில் வந்த நெல்மூட்டைகள் இதே கடற்கரையில் குவிந்து கிடந்தன. நெல் இருந்தது, வாங்கக் காசு இல்லை. வாணிகத்தில் அரசு தலையிடலாகாது என்பது வைசிராய் லிட்டன் பிரபுவின் கொள்கை. 1877 சனவரி முதல் நாள் அவர் தில்லியில் பெருந்தர்பார் நடத்திக்கொண்டிருந்தார். செலவைக் குறைக்க அனுப்பப்பட்ட சர் ரிச்சர்டு டெம்பிள், நாள் முழுவதும் உழைக்கும் ஆண்மகனுக்கு ஒரு பவுண்டு தானியமும் சிறிது காசும் போதும் என்று விதித்தார். ஒரு பவுண்டு என்பது ஏறக்குறைய 450 கிராம். மண் வெட்டும் உடலுக்கு இது போதாது என்று மாகாணத்தின் சுகாதார ஆணையர் கார்னிஷ் என்னும் மருத்துவர் வாதாடினார். சில மாதங்களுக்குப் பின்னரே கூலி உயர்ந்தது. அதற்குள் போன உயிர்கள் போயின. 1878 வரை நீடித்த அப்பஞ்சத்தில் தென்னிந்தியாவில் மாண்டவர் 50 இலட்சத்திற்கும் மேற்பட்டவர் என்று மதிப்பிடுகின்றனர். கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் ஏறக்குறைய எட்டுக் கிலோமீட்டர்க் கால்வாய், அப்பஞ்ச காலத்தில் 1877, 1878ஆம் ஆண்டுகளில் நிவாரண வேலையாக வெட்டப்பட்டது. ஆளுநரின் பெயர் அதற்குச் சூட்டப்பட்டது.

இதைச் சொல்லி முடித்ததும் மாணவருள் ஒருவர், "வினாக் கேட்ட அந்தச் சிறுவன் பெயர் என்ன, ஐயா?" என்றார். எண்ணிப் பார்த்தேன். நினைவுக்கு வரவில்லை. அன்று முழுவதும் யார் பெயர் விடுபட்டது என்று பிறரைப் பற்றிக் கேட்டுக்கொண்டே வந்தோம். ஒரு பெயரை நானும் விட்டிருக்கிறேன் என்பதை அக்கரையில் உணர்ந்தேன்.

இத்தகைய பழங்கதைகளைக் கிளறுவதால் பகைதானே வளரும் என்று சிலர் கேட்பர். 1857இல் கொடிய பழிவாங்கலை நடத்திய நீல் என்னும் படைத்தலைவரின் சிலை ஒருகாலத்தில் மவுண்ட் ரோட்டில் நின்றது. அதனை அகற்றக் கோரி 1927இல் இளைஞர் அறப்போர் நடத்திச் சிறை சென்றனர். 1937இல் இராஜாஜி அமைச்சரவை அதனைப் பொருட்காட்சிசாலைக்கு மாற்றியது. வழிபடும் இடத்திலிருந்து அதனை இறக்கினர். அழித்துவிடாமல் ஆராயும் இடத்தில் வைத்தனர். இருண்ட வரலாற்றை நாம் கையாள வேண்டிய முறையும் அதுவே என்பேன்.

மாணவச் செல்வங்களே! உங்கள் ஊரிலும் ஏரி இருக்கும், பாலம் இருக்கும், பழைய சத்திரமும் இருக்கும். ஒரு விடுமுறை நாளில் அங்கே நடந்து செல்லுங்கள். கல்வெட்டில் உள்ள பெயரைக் குறித்துக்கொள்ளுங்கள். பின்னர் மண் சுமந்தவர் யார், அவருக்கு என்ன கூலி கிடைத்தது என்று ஊர்ப் பெரியவர்களைக் கேளுங்கள். விடை தெரியாத ஆசிரியரையும் கேளுங்கள். அவர் உட்காரச் சொன்னாலும், வினாவை மட்டும் உட்கார வைத்துவிடாதீர்கள்.