மதராசுக்கு மூத்த ஊர்

ஆகஸ்ட் 22 வந்தால் சென்னைக்குப் பிறந்தநாள். 1639ஆம் ஆண்டுக் கணக்கு அது. அதற்கு 33 ஆண்டுகள் முன்பே, 1606இல், மயிலாப்பூர்க் கடலோரத்துச் சாந்தோமுக்குத் தனி மறைமாவட்டமும் ஆயரும் வந்தாயிற்று. ஆங்கிலேயர் கோட்டைக்கு அஸ்திவாரம் போடாத காலத்தில் இங்கே ஒரு போர்த்துகீசிய நகரமே நடந்துகொண்டிருந்தது.

அந்த நகரத்துக்கு விதை ஒரு கல்லறை. இயேசுவின் சீடர் தோமையார் பரங்கிமலையில் குத்துப்பட்டு இறந்து இங்கே அடக்கமானார் என்பது மரபு. 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் வந்த மார்க்கோ போலோ இதை ஆள் அதிகமில்லாத, வணிகர் எட்டிப்பார்க்காத சிற்றூர் என்கிறார். யாத்திரிகர்கள் இங்கிருந்து செம்மண் எடுத்துப்போய், தண்ணீரில் கலந்து காய்ச்சல்காரருக்குக் கொடுப்பார்களாம். இன்னொரு கதையும் சொல்கிறார்: உள்ளூர்ப் பிரபு ஒருவர் கோயில் விடுதிகளில் தன் நெல்லைக் கொட்டி அடைத்துவிட, தோமையார் இரவில் தோன்றிக் கழுத்தில் ஆயுதத்தை வைத்து மிரட்டினாராம். மறுநாளே இடம் காலி!

வணிகர் வராத அந்த ஊரைத் துணி வியாபாரத்துக்கு இழுத்தவர்கள் போர்த்துகீசியர். 1523இல் கல்லறையின் மேலிருந்த தேவாலயத்தைப் புதுப்பித்தார்கள். சுற்றிலும் வீடுகள், மடங்கள், மதில் என்று ஊர் பெருகியது. சோழமண்டலத் துணி இங்கிருந்து மலாக்காவுக்குக் கப்பலேறியது. 1545இல் பிரான்சிஸ் சவேரியார் சில மாதங்கள் இங்கே தங்கினார்.

இந்த வளர்ச்சிக்கு விலை கொடுத்தவர் மயிலாப்பூர்க் கபாலீஸ்வரர். சம்பந்தர் பாடிய கோயில் கடலோரம் இருந்தது என்றும், போர்த்துகீசியர் காலத்தில் அது அழிந்து உள்ளே தள்ளிக் கட்டப்பட்டது என்றும் நெடுங்காலமாகச் சொல்லப்படுகிறது. சாந்தோம் பேராலய வளாகத்தில் கிடைத்த சோழர் காலக் கல்வெட்டுத் துண்டுகள் அந்தப் பேச்சுக்கு வலு சேர்க்கின்றன. தேர் ஓடும் இன்றைய மாடவீதிகளையும் அந்தப் பேராலயத்தின் வரலாற்றோடு சேர்த்தே படிக்க வேண்டும்.

ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனியின் பிரான்சிஸ் டே மதராசைத் தேர்ந்தெடுத்ததற்குச் சாந்தோமில் இருந்த ஒரு பெண்ணே காரணம் என்பது பழைய வம்பு. அது எப்படியோ, ஆங்கிலேயர் கோட்டை கட்டியதும் சாந்தோம் போர்த்துகீசியர் பலர் அங்கே குடியேறினார்கள். இங்கே மிஞ்சியது சண்டை. 1662இல் கோல்கொண்டா, 1672இல் பிரெஞ்சுக்காரர், 1674இல் மறுபடி கோல்கொண்டா. கடைசியில் 1749இல் ஆங்கிலேயர் சாந்தோமை எடுத்துக்கொண்டார்கள்.

ஊர்தான் கைமாறியது, ஆயர் போர்த்துகீசியராகவே இருந்தார். இன்று நாம் பார்க்கும் வெள்ளைப் பேராலயத்தைக் கட்டியவரும் ரீட் டா சில்வா என்ற போர்த்துகீசிய ஆயர்தான். 1893இல் பழையதை இடித்து, புதியதை 1896 ஏப்ரலில் அர்ச்சித்தார்கள். வடிவம் கோதிக், பொறியாளர் ஆங்கிலேயக் கேப்டன் பவர். முகப்புக் கோபுரம் 155 அடி. கொஞ்சம் பின்னே நகர்ந்து பார்த்தால் கூரை நடுவில் இன்னொரு சின்னக் கோபுரம் தெரியும். கல்லறை இருப்பது அதன் நேர் கீழே.

மறைமாவட்டத்தின் சொத்தும் கடற்கரையோடு நிற்கவில்லை. கோடம்பாக்கம் 2015இல் பேய்ப்படமாக்கிய டிமான்ட்டி காலனியின் பெயர், 19ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் வாழ்ந்த போர்த்துகீசிய வணிகர் ஜான் டி மான்ட்டியுடையது. தம் சொத்தை அவர் இந்த மறைமாவட்டத்துக்கே எழுதிவைத்தார்.

சாந்தோமில் அமர்ந்த மயிலை ஆயரை முன்மொழியும் உரிமையைப் போர்த்துகீசிய அரசு விட்டுக்கொடுத்தது 1950இல், அதாவது இந்தியா விடுதலை பெற்று மூன்று ஆண்டு கழித்து. 1952இல் மதராஸ் மறைமாவட்டமும் மயிலையும் இணைந்தன.