உட் பஃபலோ: எல்லைக்கு வெளியே தீர்மானிக்கப்படும் காடு

கனடாவின் ஆல்பர்ட்டா மாகாணத்தின் வடகோடியிலும் வடமேற்கு ஆட்சிப்பகுதியிலுமாகப் பரந்து கிடக்கிறது உட் பஃபலோ தேசியப் பூங்கா. 1922-இல் நிறுவப்பட்ட இதன் பரப்பு ஏறத்தாழ 44,800 சதுர கிலோமீட்டர், சுவிட்சர்லாந்தைவிடப் பெரியது. இவ்வளவு விரிந்த காடு தன்னைத் தானே காத்துக்கொள்ளும் என்ற நம்பிக்கை பாதுகாப்பு இலக்கியத்தில் பரவலாக உண்டு. இந்தப் பூங்காவின் வரலாறு அதற்கு இடம் தரவில்லை.

முதல் சான்று, பூங்காவுக்குப் பெயர் தந்த விலங்கே. அழிவின் விளிம்பில் நின்ற வன பைசன்களைக் காக்கவே பூங்கா உருவானது. அப்போது அங்கே சுமார் 1,500 பைசன்கள் எஞ்சியிருந்தன. தெற்கே வெயின்ரைட் காப்பகத்திலோ சமவெளி பைசன்கள் பெருகி மேய்ச்சலுக்கு நிலம் போதவில்லை. விலங்கியலாளர்கள் எதிர்த்தும் கேளாமல், 1925 முதல் 1928 வரை 6,600-க்கும் மேற்பட்ட சமவெளி பைசன்களை அரசு ரயிலிலும் படகிலும் வடக்கே கொண்டுவந்து விட்டது. அவற்றோடு காசநோயும் புரூசெல்லோசிஸும் வந்திறங்கின. இரு துணையினங்களும் கலந்தன. 1990-இல் கூட்டாட்சி அரசு அமைத்த மதிப்பீட்டுக் குழு, மந்தை முழுவதையும் கொன்றுவிட்டு நோயற்ற விலங்குகளைக் கொண்டுவரலாம் என்றே பரிந்துரைத்தது. எதிர்ப்பு வலுத்ததால் அது நடக்கவில்லை. நோய் இன்றும் மந்தையில் இருக்கிறது.

காவலின் பெயரால் தடுக்கப்பட்டவர்கள் யார் என்பதையும் கேட்டாக வேண்டும். பூங்கா 1926-இல் தெற்கே விரிந்தபோது, தலைமுறைகளாக அங்கே வேட்டையாடிய டெனே மக்களில் பலருக்கு உள்ளே நுழைய அனுமதி மறுக்கப்பட்டது. அவர்களது துப்பாக்கியைக் கண்டு அஞ்சிய அதே நிர்வாகம்தான் நோயைப் படகேற்றி உள்ளே அனுமதித்தது.

பரப்பால் பயனே இல்லை என்பதல்ல வாதம். ஹூப்பிங் கிரேன் என்ற வெண்ணிறப் பெருங்கொக்குகளில், வலசை போகும் கூட்டம் 1941-இல் 20-க்கும் கீழே சுருங்கியது. அவை முட்டையிடும் இடம் 1954 வரை யாருக்கும் தெரியாது. அந்த ஆண்டு காட்டுத்தீயைக் கண்காணித்து வந்த ஹெலிகாப்டரிலிருந்தவர்கள் பூங்காவின் சதுப்பில் அவற்றைக் கண்டார்கள். மனித நடமாட்டமற்ற அந்தச் சதுப்பு அவற்றுக்கு அரண்தான். ஆனால் குளிர்காலத்தை அவை டெக்சாஸ் கடற்கரையில் கழிக்கின்றன. அங்கே அரன்சாஸ் புகலிடம் இல்லாதிருந்தால் வடக்கின் சதுப்பு மட்டும் அவற்றைக் காத்திருக்குமா?

நீர் விஷயத்தில் எல்லைக்கோடு இன்னும் மெலிது. பீஸ், அதபாஸ்கா ஆறுகள் சேருமிடத்தில் உள்ள உள்நாட்டுக் கழிமுகம், வசந்தத்தில் உறைபனிக் கட்டிகள் ஆற்றை அடைக்கும்போது எழும் வெள்ளத்தை நம்பியிருக்கிறது. மேட்டில் உள்ள குட்டைகளை நிரப்ப வேறு வழியில்லை. பிரிட்டிஷ் கொலம்பியாவில் 1968-இல் பென்னட் அணை எழுந்த பிறகு பீஸ் ஆற்றின் பருவ ஓட்டமே மாறியது. குட்டைகள் வறண்டதற்கு அணை எவ்வளவு, தட்பவெப்ப மாற்றம் எவ்வளவு என்பதில் ஆய்வாளர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. மஸ்க்ராட் என்ற நீர்வாழ் கொறிவிலங்கைப் பிடித்து வாழ்ந்த கழிமுக மக்களுக்கு அந்த வறட்சி நேரடி இழப்பு.

1983 முதல் உலகப் பாரம்பரியச் சின்னமாக இருக்கும் இப்பூங்கா ஆபத்தில் இருப்பதாக 2014-இல் யுனெஸ்கோவிடம் முறையிட்டது அங்குள்ள மிக்கிசு கிரீ மக்கள்தான். அதன் விளைவாகக் கனடா 2019-இல் செயல்திட்டம் வகுத்தது. கழிமுகத்துக்கு வரும் நீரோட்டம் அதில் முக்கிய இடம் பெறுகிறது. ஆனால் அணையின் மதகுகள் பூங்கா நிர்வாகத்தின் கையில் இல்லை. அவற்றை இயக்குவது வேறொரு மாகாணத்தின் மின் நிறுவனம்.