வேலையற்றவனின் முகம்

1937இல் முசோலினி ரோமில் திறந்துவைத்த சினிசித்தா படப்பிடிப்பு வளாகம், போர் முடிந்தபோது அகதிகள் முகாமாகியிருந்தது. அரங்குகளை இழந்த இத்தாலிய இயக்குநர்கள் தெருவுக்கு வந்தார்கள். நவ யதார்த்தவாதம் அந்த இல்லாமையிலிருந்தும் பிறந்தது. ரோஸலினியின் 'ரோம், திறந்த நகரம்' (1945) அதன் முதல் பெருங்குரல்.

விட்டோரியோ டி சிகாவின் 'சைக்கிள் திருடர்கள்' (1948) படத்திற்குக் கேரி கிராண்டை நாயகனாக்கினால் பணம் தருவதாகச் சொன்னார் ஹாலிவுட் தயாரிப்பாளர் செல்ஸ்னிக். டி சிகா மறுத்தார். லம்பெர்ட்டோ மஜ்ஜொராணி என்ற ஆலைத் தொழிலாளியே நாயகனானார். சைக்கிளைப் பறிகொடுத்தால் பிழைப்பே போய்விடும் என்ற அச்சத்தை அந்த முகத்திற்கு யாரும் கற்றுத்தர வேண்டியிருக்கவில்லை.

நாட்டின் வறுமை திரையில் தெரிவதை ஆட்சியாளர்கள் விரும்பவில்லை. 1949ஆம் ஆண்டின் ஆந்த்ரெயோட்டி சட்டம், அரசுக் கடன் வேண்டுமெனில் திரைக்கதைக்கு ஒப்புதல் பெற வேண்டும் என்றாக்கியது. 1952இல் 'உம்பர்ட்டோ டி' படத்தை ஆந்த்ரெயோட்டியே வெளிப்படையாகக் கண்டித்தார். அந்தப் பத்தாண்டுக்குள் இயக்கம் இத்தாலியில் தேய்ந்தது.

ஆனால் 1950இல் லண்டனில் 'சைக்கிள் திருடர்கள்' பார்த்த சத்யஜித் ராய், 1955இல் 'பதேர் பாஞ்சாலி'யைத் தந்தார்.

மஜ்ஜொராணி? படம் முடிந்து ஆலைக்குத் திரும்பியவருக்கு அந்த வேலையும் நிலைக்கவில்லை. பின்னர் கிடைத்தவை சிறு வேடங்களே. திரையில் வேலைக்கு அலைந்தவர், வெளியிலும் அலைந்தார். ஒரு கலை இயக்கம் மனிதனைக் காட்டலாம். காப்பாற்ற அது மட்டும் போதாது.