கல்லூரி வழக்குகளில் குரல் யாருக்கு: பென்ட்லி முதல் ஸ்வீட் பிரையர் வரை

கல்லூரி நிர்வாகத் தகராறு நீதிமன்றம் ஏறும்போது இரண்டு கேள்விகள் ஒன்றோடொன்று கலந்துவிடுகின்றன. முடிவெடுத்தவர்கள் பாதிக்கப்பட்டவரின் தரப்பைக் கேட்டார்களா என்பது ஒன்று. கேட்கவில்லை என்று முறையிடும் தகுதி யாருக்கு உண்டு என்பது மற்றொன்று. முதல் உரிமை ஆங்கிலச் சட்டத்தில் முந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே வேர்விட்டது. இரண்டாவதோ பதவியும் சொத்தும் உள்ளவர்களைத் தாண்டி மாணவரிடம் வந்துசேர நெடுங்காலம் ஆயிற்று. நீதிமன்றங்கள் கல்லூரியை அதில் வாழ்வோரின் சமூகமாகக் காணாமல், நிறுவியவரின் கொடைச் சொத்தாகக் கண்டதே இத்தாமதத்தின் வேர் என்பது என் வாதம்.

1690இல் ஆக்ஸ்ஃபோர்டின் எக்ஸெட்டர் கல்லூரித் தலைவர் ஆர்தர் பரியை, எக்ஸெட்டர் பிஷப் ஜொனாதன் டிரெலானி பதவி நீக்கினார். பிஷப்தான் அக்கல்லூரியின் விசிட்டர். நிறுவியவரின் இடத்தில் நின்று உள்விவகாரங்களைத் தீர்ப்பவர். வழக்கு மன்னர் மன்றத்துக்கு வந்தபோது மூன்று நீதிபதிகள் பரியின் பக்கம் நின்றனர். தலைமை நீதிபதி ஜான் ஹோல்ட் மட்டும் மாறுபட்டார். 1694இல் பிரபுக்கள் சபை ஹோல்ட்டின் கருத்தையே ஏற்றது. பணம் கொடுத்தவர் வகுத்ததே விதி, விசிட்டர் சொன்னதே முடிவு, அதைப் பொது நீதிமன்றம் மறுவிசாரணை செய்ய இயலாது என்று நிலைபெற்றது.

முப்பது ஆண்டுகளுக்குள் கேம்பிரிட்ஜிலிருந்து எதிர்த்திசையில் ஒரு தீர்ப்பு வந்தது. டிரினிட்டி கல்லூரித் தலைவர் ரிச்சர்ட் பென்ட்லி, 1717இல் முதலாம் ஜார்ஜ் மன்னரின் வருகையையொட்டி இறையியல் முனைவர் பட்டம் பெற்றவர்களிடம் கூடுதலாக நான்கு கினி கேட்டார். கோனியர்ஸ் மிடில்டன் அப்பணத்தைத் திருப்பிக் கேட்டுத் துணைவேந்தரின் மன்றத்தில் வழக்குத் தொடுத்தார். அம்மன்றத்தை அவமதித்ததாகக் கூறி, பென்ட்லியை அழைத்து விசாரிக்காமலேயே 1718இல் பல்கலைக்கழகம் அவருடைய பட்டங்களைப் பறித்தது. 1723இல் மன்னர் மன்றம் அவற்றைத் திருப்பித் தர ஆணையிட்டது. ஆதாமைத் தண்டிக்கும் முன் கடவுளே அவனை அழைத்துக் கேட்டார் என்று நீதிபதி ஃபோர்டெஸ்க்யூ சுட்டிக்காட்டியது இவ்வழக்கில்தான். ஆனால் இங்கே எதிர்த்தரப்பு பல்கலைக்கழகம். விசிட்டரைக் கொண்ட கல்லூரி அன்று. பென்ட்லி காத்துக்கொண்டதும் தம் பட்டத்தை, அதாவது கையில் இருந்த உடைமையை. அவரால் அல்லலுற்ற டிரினிட்டி ஃபெல்லோக்கள் 1710இலேயே, விசிட்டர் என்ற முறையில் ஈலி பிஷப்பிடம் முறையிட்டிருந்தனர். 1714இல் விசாரணை முடிந்தும் தீர்ப்புச் சொல்லுமுன் பிஷப் ஜான் மூர் இறந்தார். 1734இல் பிஷப் தாமஸ் கிரீன் பதவி நீக்கத் தீர்ப்பு அளித்தும் துணைத்தலைவர் ரிச்சர்ட் வாக்கர் அதை நிறைவேற்ற மறுத்தார். பென்ட்லி 1742இல் இறக்கும்வரை தலைவராகவே இருந்தார். விசிட்டர் முறை விரைவானது, செலவு குறைந்தது என்று அதை ஆதரிப்போர் சொல்லும் காரணத்துக்கு இந்த வரலாறு துணைநிற்கவில்லை.

எக்ஸெட்டர் தீர்ப்பு அட்லாண்டிக்கையும் கடந்தது. 1816இல் நியூ ஹாம்ப்ஷயர் சட்டமன்றம் டார்ட்மவுத் கல்லூரியின் அறங்காவலர் எண்ணிக்கையை 12லிருந்து 21ஆக உயர்த்தி, கல்லூரியைத் தன் பிடிக்குள் கொண்டுவந்தது. பழைய அறங்காவலர்கள் தொடுத்த வழக்கில் 1819இல் தீர்ப்பு எழுதிய அமெரிக்க உச்ச நீதிமன்றத் தலைமை நீதிபதி ஜான் மார்ஷல், நம் பொருளுக்கு நேரே வரும் ஒரு கேள்வியை எழுப்பினார்: நிறுவியவர் முறையிடவில்லை, பயன்பெறும் இளைஞரும் முறையிடவில்லை, அப்படியிருக்க அறங்காவலர்கள் முறையிடலாமா? கொடையாளர் தம் சொத்தைக் கையளித்துவிட்டார், மாணவர் வந்து போகிறவர்கள், அவர்களில் எவருக்கும் நீதிமன்றத்தில் நிலைநாட்டத்தக்க நிலையான உரிமை இல்லை. ஆகவே எல்லோர் சார்பிலும் அறங்காவலர் பேசலாம் என்று அவரே விடை தந்தார். அரசின் கையிலிருந்து கல்லூரியைக் காத்த வாதம் இது. அந்த நன்மையை நான் குறைத்து மதிப்பிடவில்லை. ஆனால் அறங்காவலரே கல்லூரிக்குத் தீங்கு செய்தால் யார் பேசுவது என்பதற்கு அதில் இடமில்லை.

எல்லோருக்கும் வழக்காடும் தகுதி கொடுத்தால் கல்லூரிகள் பாடம் நடத்துவதை விட்டு நீதிமன்றப் படிக்கட்டிலேயே நிற்க நேரும் என்பது கனமான மறுப்புதான். எனினும் தரப்பைக் கேட்பது என்றால் கேட்டவர் சொன்னபடி தீர்ப்பது என்று பொருளல்ல. 1960இல் மாண்ட்காமரி நீதிமன்ற உணவகத்தில் தங்களுக்கும் உணவு பரிமாறக் கோரிய கருப்பின மாணவர்களை அலபாமா மாநிலக் கல்லூரி விசாரணையின்றி வெளியேற்றியது. அறிவிப்பும் விசாரணையும் வேண்டும் என்று 1961இல் ஐந்தாம் வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இத்தகைய உரிமை வந்தபின் கல்வி நின்றுவிடவில்லை. இங்கிலாந்தில்கூட 2004ஆம் ஆண்டுச் சட்டம் மாணவர் முறையீடுகளை விசிட்டரிடமிருந்து எடுத்துத் தனி அமைப்பிடம் ஒப்படைத்தது.

அலபாமா தீர்ப்பு அரசுக் கல்லூரியைப் பற்றியது. தனியார் கல்லூரிகளில் மார்ஷலின் நிழல் இன்னும் நீள்கிறது. 2015 மார்ச்சில் வர்ஜீனியாவின் ஸ்வீட் பிரையர் கல்லூரியை மூட அதன் ஆட்சிக்குழு முடிவெடுத்தபோது, முன்னாள் மாணவியர் பணம் திரட்டினர், போராடினர். ஆனால் மாநில உச்ச நீதிமன்றம் ஜூனில் செவிமடுத்து, கீழ்நீதிமன்றத்துக்குத் திருப்பியனுப்பிய வழக்கு, ஆம்ஹெர்ஸ்ட் மாவட்ட வழக்கறிஞர் எலன் பௌயர் மாநிலத்தின் பெயரால் தொடுத்தது. அம்மாதமே சமரசம் ஏற்பட்டுக் கல்லூரி பிழைத்தது. அந்த அலுவலர் முன்வராதிருந்தால், அறக்கொடை மீறப்பட்டது என்ற வாதத்தை எடுத்துச்செல்லும் தகுதி முன்னாள் மாணவியருக்கு உண்டா என்பதே முதல் வழக்காகியிருக்கும்.