கடல் கடந்த சித்திரக்கிரீவன்

புறா தமிழ்க் கவிதைக்குப் புதிய பறவையன்று. பாலையின் வெம்மையில் தளர்ந்த பெடையை மென்சிறகால் ஆற்றும் ஆண்புறாவைக் கலித்தொகை காட்டுகிறது. அஞ்சி அடைக்கலம் புகுந்த புறாவுக்காகத் தன்னையே துலையில் இட்ட செம்பியனின் மரபைப் புறநானூறு போற்றுகிறது. வலையில் சிக்கிய தன் கூட்டத்தை ஒருமித்துப் பறக்கச் செய்தவன் பஞ்சதந்திரப் புறாவரசன் சித்திரக்கிரீவன். தாண்டவராய முதலியார் 1826-இல் அந்நூலைத் தமிழ் உரைநடையில் தந்தார். ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு கழித்து, அதே பெயர் பூண்ட புறாவொன்று அமெரிக்கச் சிறாரின் நெஞ்சில் கூடு கட்டியது. அதனைக் கொண்டு சேர்த்தவர் தனகோபால் முகர்ஜி.

1890-இல் கல்கத்தாவை அடுத்த சிற்றூரில், கோயிற் பூசை செய்யும் குடும்பத்தில் பிறந்தவர் அவர். தமையனார் ஜாதுகோபால் வங்கப் புரட்சி இயக்கத்தின் முன்னணியினர். தொழிற்கல்வி பயில ஜப்பான் சென்ற முகர்ஜி, 1910-இல் அமெரிக்காவை அடைந்தார். உடலுழைப்பால் வயிறு கழுவிக்கொண்டே கலிபோர்னியாவில் பயின்று, 1914-இல் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்றார்.

1922-இல் யானைக் கதை ஒன்றைச் சிறார்க்கு எழுதினார். அந்த யானையின் பெயர் ‘கரி’. தமிழறிந்தார்க்கு அச்சொல்லின் பொருளை விளக்க வேண்டுவதில்லை. மறு ஆண்டு அவருடைய தன்வரலாறு வெளிவந்தது. அதே 1923-இல் அமெரிக்க உச்சநீதிமன்றம், பகத்சிங் திந்து என்பாரின் வழக்கில், இந்தியர் அந்நாட்டுக் குடியுரிமை பெறத் தகுதியற்றவர் என்று தீர்ப்பளித்தது. நூல்களுக்கு வரவேற்பு, பிறந்த இனத்திற்குத் தடை: இவ்விரண்டிற்கும் நடுவே அவர் எழுதினார்.

1927-இல் வெளிவந்த வண்ணக்கழுத்துப் புறாவின் கதை அவர் படைப்புகளுள் தலையாயது. அதற்கு ஓவியம் தீட்டிய போரிஸ் ஆர்ட்ஸிபாஷெஃபும் ரஷ்யாவிலிருந்து குடிபெயர்ந்தவரே. கல்கத்தாவின் மாடியில் வளர்ந்த புறா, முதல் உலகப்போரில் பிரான்சு நாட்டுப் போர்க்களத்தில் செய்தி சுமக்கிறது. உடற்புண் ஆறியும் உள்ளத்து அச்சம் ஆறவில்லை, பறக்க மறுக்கிறது. உடன் சென்ற வேட்டுவன் கோண்டின் உள்ளமும் புண்பட்டுக் கிடக்கிறது. இமயத்துப் பௌத்த மடமொன்றில் இருவரும் நலம் பெறுகின்றனர். அச்சமும் பகையும் ஒரே நோய் என்பதே கதையின் உட்பொருள். 1928-இல் இந்நூல் நியூபெரி பதக்கம் பெற்றது. சிறார் இலக்கியத்திற்கான அவ்விருதைப் பெற்ற முதல் இந்தியர் முகர்ஜியே.

கிப்ளிங் 1894-இல் படைத்த காட்டில் சட்டம் ஆள்கிறது; முகர்ஜியின் காட்டிலோ அஞ்சாமை ஆள்கிறது. செம்பியன் புறாவின் அச்சத்தைப் புறத்தே நின்று நீக்கினான். முகர்ஜியின் புறா அதனை அகத்தே வெல்கிறது. பழைய மரபு அவர் கையில் பெற்ற வளர்ச்சி இதுவே.

திண்டுக்கல் சமவெளிக்கும் இத்தகைய எழுத்து அயலன்று. வத்தலக்குண்டு மண்ணில் வளர்ந்த சி.சு.செல்லப்பா, ‘வாடிவாசல்’ குறுநாவலில் ‘காரி’ என்னும் காளையை நடுவே நிறுத்தி மனிதனை அளந்தார். அங்கே காளையைப் பிச்சி அடக்குகிறான். மானம் இழந்ததாகக் கருதிய ஜமீன்தார் அதனைச் சுட்டு வீழ்த்துகிறார். மனிதனின் பகையை விலங்கு சுமக்கிறது என்பதில் இருவரும் ஒருவரே. செல்லப்பா அந்நோயைக் காட்டினார். முகர்ஜி அதற்கு மருந்து தேடினார்.

அம்மருந்து அவருக்கே வாய்க்கவில்லை என்பது வரலாற்றின் கொடுமை. 1936 ஜூலை 14-ஆம் நாள், நாற்பத்தாறாம் வயதில், நியூயார்க்கில் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். இந்தியர்க்குக் குடியுரிமை வழங்கும் சட்டம் அந்நாட்டில் இயற்றப்பட்டது அதற்குப் பத்தாண்டு கழித்து, 1946-இல்.

தோட்டத் தொழிலுக்கென இலங்கைக்குக் கடல் கடந்த தென்தமிழ் நாட்டார் பலர் ஏடெழுதும் வாய்ப்பின்றியே மறைந்தனர். எழுத வாய்த்த முகர்ஜி, தம் துயரைப் பெரிதும் மறைத்து, ஒரு பறவையின் துயராற்றிக் காட்டினார். சிறார் நூல்தானே என்று இலக்கிய வரலாறு ஒதுக்கிவிடும் ஏடுகளிலும் ஓர் உயிரின் பெருவழக்கு பதிந்திருக்கும். கவிஞர்கள் அதனைக் கண்டுணர்தல் கடன்.