அப்பத்தா சொன்ன இஸ்கூலு

நடுவர் அவர்களே! மொழியைக் காப்பது பாமரரே என்பது எங்கள் அணி. நெய்க்காரப்பட்டியில எங்க அப்பத்தா, "இஸ்கூலுக்குப் போயிட்டு வா சாமி"ன்னுதான் அனுப்புவாங்க. படிச்ச திமிர்ல நான் சிரிச்சிருக்கேன். பிறகு தொல்காப்பியத்தில் மொழிமரபு படித்தேன், சிரிப்பு நின்றது. உயிரும் உயிர்மெய்யும்தான் சொல்லுக்கு முதலில் வரும், தனிமெய் வராது என்கிறார் தொல்காப்பியர். வடசொல் வந்தால்? 13ஆம் நூற்றாண்டில் பவணந்தி முனிவர் நன்னூலில் வழி சொன்னார்: ரகரத்துக்கு முன்னே அ, இ, உ, லகரத்துக்கு முன்னே இ, உ. ராமன் இராமன் ஆனார். லாபம் இலாபம் ஆயிற்று. அப்பத்தா போட்ட 'இ'யும் அந்த வழிதானே! ஸ்பெயின்காரரும் பள்ளியை 'எஸ்குவேலா' என்று உயிரெழுத்தை முன்னே வைத்துத்தான் சொல்கிறார். பள்ளிக்கூட வாசலே மிதிக்காத நாக்கில் இலக்கணம் இருந்தது ஐயா! தப்பு சிரிச்சவன் மேலதான். அதை ஒப்புக்கொள்ள இன்று அப்பத்தா இல்லை. தீர்ப்பையாவது அவங்க பக்கம் சொல்லுங்க.